குழிக்காக நின்ற கிளை

ஒரு பெரிய நகரத்தில் ஒரு குழி இருந்தது. அதற்கு ஒரே ஓர் ஆசைதான். யாராவது தன்னை மூட வேண்டும்.

அது எப்போதும் திறந்து கிடந்த குழி அல்ல. தெருவுக்கு அடியில் ஓடும் பாதாளச் சாக்கடைக்குள் இறங்குவதற்காகக் கட்டப்பட்டது. மேலே வட்டமான சிமெண்ட் மூடி இருந்தது. மூடி இருந்தவரை அது தன்னைக் குழி என்று நினைத்ததே இல்லை. தெருவின் ஒரு பகுதி என்றுதான் நினைத்திருந்தது. ஒரு நாள் தண்ணீர் லாரி ஏறி இறங்கியதில் மூடி உடைந்தது. பாதி உள்ளே விழுந்தது. மீதி தெறித்துப் போய் மேற்கு ஓரத்தில் கிடந்தது.

அன்று சாயங்காலம் ஜெயசீலன் விழுந்தார். தெருவின் கிழக்கு வரிசையில் தையல் கடை வைத்திருப்பவர். மழைத் தண்ணீர் தேங்கி நின்றதில் தெருவும் குழியும் ஒன்றாகத் தெரிந்தன. பால் பாக்கெட்டோடு நடந்து வந்தார். குழி தன் விளிம்பில் ஒரு செருப்பை உணர்ந்தது, பிறகு எலும்பு முறியும் சத்தத்தைக் கேட்டது. தையல் மெஷினை மிதிக்கிற கால்.

அவரைத் தூக்கிக்கொண்டு போன பிறகு, குழி பக்கத்திலிருந்த விளக்குக் கம்பத்திடம் சொன்னது: "நான் அவரைப் பிடித்து இழுக்கவில்லை."

"தெரியும்," என்றது கம்பம். அதன் விளக்கு எரிந்து பல காலம் ஆகியிருந்தது. "யாரும் யாரையும் இழுப்பதில்லை. நீ திறந்திருக்கிறாய், நான் எரியவில்லை. அவ்வளவுதான் நடந்தது."

"இன்னொருவர் விழக் கூடாது."

"மூடி வந்தால் விழமாட்டார்கள்."

"எப்போது வரும்?"

தனக்குப் பல்பு எப்போது வரும் என்று கம்பம் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டிருந்தது.

மறுநாள் காலை சம்பூர்ணம் வந்தார். மேற்கு வரிசையில் இட்லிக் கடை நடத்துபவர். கையில் ஒடித்த முருங்கைக் கிளை ஒன்று, ஆள் உயரத்துக்கு. அந்த நகரத்தில் அது ஒரு வழக்கம். திறந்த குழியைப் பார்த்தவர்கள் ஒரு கிளையையோ உடைந்த நாற்காலியையோ அதில் செருகிவிட்டுப் போவார்கள். யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுத்ததில்லை. கிளை நின்றால் வண்டிகள் ஒதுங்கும்.

சம்பூர்ணம் குழியின் விளிம்பில் ஒரு காலை ஊன்றி, உள்ளே படிந்திருந்த சேற்றில் கிளையை ஆழமாகச் செருகினார். சிவப்புப் பாவாடைத் துணியைக் கிழித்து அதன் நுனியில் கட்டினார்.

"டைலருக்குக் கால் போச்சு. இன்னும் யாரு விழணும்னு பாத்துனு இருக்கீங்க?" என்று தெருவைப் பார்த்துப் பொதுவாகக் கேட்டார். தெருவில் அப்போது ஒரு நாய்தான் இருந்தது.

அவர் போன பிறகு கிளை மெல்லக் கேட்டது: "நான் எவ்வளவு நாள் நிற்க வேண்டும்?"

"மூடி வரும்வரைக்கும்தான்," என்றது குழி.

"ஒடித்த கிளை நான். காய்ந்துவிடுவேன்."

"காய்ந்தாலும் பரவாயில்லை. கண்ணுக்குத் தெரிந்தால் போதும்."

கிளை சற்று யோசித்தது. நல்ல கிளை அது. "நீ பள்ளத்தில் இருக்கிறாய். உன் குரல் மேலே வருவதில்லை. உனக்காக நான் நிற்கிறேன். நீ சொல்ல நினைப்பதை நான் சொல்கிறேன்."

"நான் சொல்ல நினைப்பது ஒன்றுதான். மூடி."

"அதையே சொல்கிறேன்."

சொல்லவும் செய்தது. லாரி வந்தால் சிவப்புத் துணியை ஆட்டியது. சைக்கிள்காரர் அருகில் வந்தால் அவர் சட்டையைத் தொட்டது. ஆட்டோக்காரர்கள் வண்டியை ஒடித்து ஒதுங்கும்போது திட்டினார்கள். கிளையை அல்ல, கவுன்சிலரை. அந்த வாரம் யாரும் விழவில்லை. குழி முதல்முறையாக நிம்மதியாக இருந்தது.

பிறகு கவுன்சிலர்களின் ஆட்கள் வந்தார்கள். கிழக்கு வட்டத்துக் கவுன்சிலரின் ஆள் ஒருவர், மேற்கு வட்டத்துக் கவுன்சிலரின் ஆள் ஒருவர். கிளையின் இருபுறமும் நின்று குழியை எட்டிப் பார்த்தார்கள்.

"குழி உங்க சைடுங்க," என்றார் மேற்கு.

"எப்படிங்க? மூடி எங்க விழுந்து கிடக்குது, பாருங்க. உங்க பக்கம்."

"மூடி விழுந்தா? உங்க வீட்டு ஓடு பறந்து வந்து எங்க வாசல்ல விழுந்தா, உங்க வீடு எங்களுதாயிடுமா?"

"எங்க வீட்ட மழையில வந்து பாருங்க. நீங்களே வேணான்னுடுவீங்க."

இருவரும் சிரித்தார்கள். சேர்ந்தே டீ குடிக்கப் போனார்கள். கிளை அவர்கள் போன திசையில் துணியை ஆட்டிக்கொண்டே இருந்தது.

அப்போது அடியில் யாரோ பெருமூச்சு விடுவது கேட்டது.

"யார்?" என்றது குழி.

"கோடு. இரண்டு வட்டங்களுக்கும் நடுவில் இருக்கிற எல்லைக்கோடு."

"உன்னை நான் பார்த்ததே இல்லையே."

"யாரும் பார்த்ததில்லை. நான் இருப்பது படத்தில். என்னைப் போட்டவருடைய பென்சில் மழுங்கியிருந்தது. காகிதத்தில் மயிரிழை அகலம்தான் நான். தரையில் விரித்தால் இந்தத் தெருவின் அகலம் வந்துவிடுகிறது. அந்த வீடுகள் எனக்குக் கிழக்கே இருக்கின்றன. இந்த வீடுகள் எனக்கு மேற்கே. அவர்கள் எல்லோருக்கும் ஓட்டு உண்டு. தெரு மட்டும் எனக்குள் மாட்டிக்கொண்டது."

"உனக்குள் இருப்பதற்கு யார் பொறுப்பு?"

"கோட்டுக்குக் கவுன்சிலர் கிடையாது."

கிளை குறுக்கிட்டது. "கொஞ்சம் நகர்ந்துகொள்ளக் கூடாதா? இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ. ஒரு முழம் போதும்."

"நானாக நகர முடிந்தால் எப்போதோ ஊரை விட்டே போயிருப்பேன்," என்றது கோடு. அதன் குரலில் கோபம் இல்லை. "எப்போதாவது ஒரு முறை ஜனங்களை எண்ணிவிட்டு வந்து மேஜையில் படத்தை விரிப்பார்கள். என்னை அழித்து வேறு இடத்தில் போடுவார்கள். எங்கே போட்டாலும் ஏதோ ஒரு தெரு அடியில் வந்துவிடுகிறது. நான் என்ன செய்ய?"

மழை தூற ஆரம்பித்தது.

அந்த மழையில் கிளை துளிர்த்தது.

"காய்ந்துவிடுவேன் என்றாயே," என்றது குழி.

"எனக்கே தெரியவில்லை," என்றது கிளை வெட்கத்தோடு. "காலில் ஏதோ குறுகுறுக்கிறது."

வேர் விட்டிருந்தது. சாக்கடைச் சேறு நல்ல உரம். வேர்கள் சேற்றில் இறங்கின, பிறகு குழியின் செங்கல் சுவரில் இடுக்குத் தேடின. குழிக்குச் சற்று வலித்தது. ஆனாலும் சந்தோஷப்பட்டது. கிளை உயர்ந்தால் தூரத்திலிருந்தே தெரியும். தெரிந்தால் மூடி சீக்கிரம் வரும்.

கிளை மரமானது. முருங்கைக்கு அதற்கு அதிக காலம் வேண்டியதில்லை. சிவப்புத் துணி வெளுத்து எங்கோ பறந்து போயிற்று. ஷேர் ஆட்டோவில் வருபவர்கள் "முருங்கைக்கிட்ட நிறுத்துப்பா" என்றார்கள். கீரை பறிக்க வந்தவர்களிடம் சம்பூர்ணம், "சாக்கடைக் கீரை, வாசமா இருக்கும், பறிச்சுனு போ" என்றார். அவர்கள் பறித்துக்கொண்டுதான் போனார்கள்.

இன்னொன்றும் நடந்தது. முன்பு தண்ணீர் லாரி இந்த வீடுகளைத் தாண்டி நேராகத் தெருக்கோடிக்குப் போய் நிற்கும். எல்லோரும் குடங்களோடு அங்கே ஓட வேண்டும். இப்போது முருங்கையைத் தாண்ட முடியாமல் லாரி நடுத்தெருவிலேயே நின்றது. இரண்டு வரிசைக்காரர்களும் வாசலிலேயே தண்ணீர் பிடித்தார்கள். ஜெயசீலனுக்கு அது பெரிய உதவி. கால் கூடிவிட்டது, ஆனால் நேராகக் கூடவில்லை. மெஷின் மிதிக்க முடியாமல் இப்போது கையால் ஹெம்மிங்கும் பட்டனும் தைத்துக்கொண்டிருந்தார்.

தேர்தல் வந்தது. கிழக்கு வட்டத்துக் கட்சிக் கொடி மரத்தின் ஒரு பக்கம் ஏறியது. மேற்கு வட்டத்துக் கொடி மறு பக்கம் ஏறியது. வேட்பாளர்கள் வேறு வேறு நாட்களில் வந்து ஒரே நிழலில் நின்று பேசினார்கள். மரத்தைத் தட்டிக்கொடுத்தார்கள். கிழக்கு ஆள் செங்கல் கொண்டுவந்து மரத்தைச் சுற்றி வட்டமாகச் சுவர் கட்டினார். மேற்கு ஆள் அதற்கு வெள்ளை அடித்தார். இந்த ஒரு விஷயத்தில் இருவரும் சண்டை போடவில்லை.

கூட்டம் கலைந்த பிறகு குழி கேட்டது: "மூடியைப் பற்றிச் சொன்னாயா?"

"சொன்னேன்," என்றது மரம். "பரிசீலனையில் இருக்கிறது."

"அப்படியென்றால்?"

"ஆவன செய்வார்கள். அதற்குள் பார், நமக்குச் சுற்றிலும் சுவர் கட்டித் தந்திருக்கிறார்கள்."

"நான் சுற்றிலும் கேட்கவில்லை," என்றது குழி. "மேலே கேட்டேன்."

மரம் காற்றில் ஆடிக்கொண்டிருந்தது. அது கேட்டதா இல்லையா என்று குழிக்குத் தெரியவில்லை. மரத்தின் உச்சி இப்போது வெகு உயரத்தில் இருந்தது.

"ஒன்று கவனித்தாயா?" என்றது விளக்குக் கம்பம். "இப்போதெல்லாம் அது அவர்கள் மாதிரியே பேசுகிறது."

"அவர்களோடு பேசிப் பேசி வந்திருக்கும்," என்றது குழி. மரத்தை விட்டுக்கொடுக்க அதற்கு மனம் வரவில்லை.

பிறகு ஒரு நாள் கோடு விடைபெற வந்தது.

"என்னை எடுத்துவிட்டார்கள். இந்த முறை பென்சில் கூர்மையாக இருந்தது. இரண்டு தெரு தள்ளிப் போடுகிறார்கள். இனி இந்தத் தெரு முழுக்க மேற்கு வட்டம். நீயும்தான்."

"அப்படியானால் எனக்கு ஒருவர் இருக்கிறார்."

"இருக்கிறார். மூடி வரும்." கோடு கொஞ்சம் தயங்கியது. "வேண்டுமென்று செய்ததில்லை. நான் படுத்த இடம் அப்படி."

"தெரியும்," என்றது குழி.

கோடு பொய் சொல்லவில்லை. மூடி வந்தது. மீன்பாடி என்கிற மூன்று சக்கர வண்டியில், புது சிமெண்ட் வாசனையோடு, இரண்டு தொழிலாளிகள் கொண்டுவந்தார்கள். மூத்தவர் குழியையும் மரத்தையும் பார்த்தார்.

"மரத்த எடுத்தாத்தான் மூடி உக்காரும். யாராவது அருவா குடுங்க. முருங்கதான, ரெண்டு வெட்டு."

இரண்டு வரிசையிலிருந்தும் ஆட்கள் கூடியிருந்தார்கள். யாரும் அரிவாள் எடுக்கப் போகவில்லை.

"எடுத்துட்டா லாரி இங்க நிக்குமா?" என்று சம்பூர்ணம் கேட்டார்.

"எதுக்கு நிக்கணும்? ரோடு சரியாயிடுதுல்ல. நேரா கோடிக்குப் போவும்."

"அப்ப எங்களுக்குத் தண்ணி?"

"அது எங்க டிபார்ட்மெண்ட் இல்லக்கா."

ஜெயசீலன் காலை இழுத்துக்கொண்டு முன்னால் வந்தார். "சம்பூர்ணக்கா, நட்டதே நீங்கதான். மூடி வர வரைக்கும்னுதான நட்டீங்க?"

"ஆமா டைலரே. ஒங்க காலப் பாத்துட்டுத்தான் நட்டேன். இல்லேங்கல." சம்பூர்ணம் குரலைத் தாழ்த்தினார். "ஆனா யோசிச்சுப் பாருங்க. மூடியப் போட்டாங்கன்னா வேலை முடிஞ்சுதுன்னு போயிடுவாங்க. அப்புறம் இந்தத் தெருப் பக்கம் எவன் எட்டிப் பாக்கப் போறான்? இது இருந்தா கேக்க ஒரு சாக்காவது இருக்கும்."

"யாராவது விழுந்தா?"

"சுத்தி செவுரு இருக்குதுல்ல? எப்படி விழுவாங்க?"

ஜெயசீலன் தன் வாசலைப் பார்த்தார். பிறகு தெருக்கோடியைப் பார்த்தார். இந்தக் காலோடு அவ்வளவு தூரம் குடம் தூக்கிவருவதை நினைத்தார். ஓர் அடி பின்னால் நகர்ந்துகொண்டார்.

மூத்த தொழிலாளி சலிப்போடு தலையைச் சொறிந்தார். "எனக்குக் கையெழுத்து வேணும். மூடி வந்து சேந்துச்சுன்னு."

"சேந்துடுச்சு இல்ல? போட்டுத் தர்றோம்."

கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள். மூடியை இறக்கி, மீந்திருந்த செங்கற்களை அடுக்கி, சுவருக்குப் பக்கத்தில் அதன்மேல் படுக்க வைத்தார்கள். வண்டி திரும்பிப் போயிற்று.

புது மூடிக்கு ஒன்றும் புரியவில்லை. "நான் எங்கே இருக்க வேண்டும்?" என்றது.

"இங்கே," என்றது குழி.

"அங்கே யாரோ நிற்கிறார்களே."

குழி மேலே மரத்தைப் பார்த்துச் சொன்னது: "நீ சொல்லியிருக்கலாம்."

"நான் எதுவும் சொல்லவில்லையே," என்றது மரம். "வெட்டாதே என்று நான் சொன்னேனா? அவர்களாகத்தான் முடிவு செய்தார்கள்."

"ஆமாம். நீ எதுவும் சொல்லவில்லை."

அதன் பிறகு குழி மரத்தோடு பேசவில்லை.

மூடியின்மேல் மக்கள் உட்கார ஆரம்பித்தார்கள். லாரிக்குக் காத்திருப்பவர்கள் உட்கார்ந்தார்கள். பகல் முழுக்க ஜெயசீலன் உட்கார்ந்து தைத்தார். நிழல் இருந்தது, வெளிச்சமும் இருந்தது. சில நாட்களில் அது தன்னை மூடி என்று நினைப்பதையே விட்டது. குழி ஒன்றிரண்டு முறை கூப்பிட்டது. "என்மேல் ஆள் இருக்கிறார்," என்றது மூடி. அது உண்மைதான்.

அடுத்த மழைக்காலம் பெரிதாக வந்தது. வேர்கள் குழியின் செங்கல் சுவரைப் பிளந்திருந்தன. பிளவு வழியே சுற்றியிருந்த மண் ஒவ்வொரு மழைக்கும் கரைந்து உள்ளே இறங்கியது. வெள்ளையடித்த சுவருக்கு வெளியே, தார் ரோட்டுக்குக் கீழே ஒன்றுமில்லாமல் போயிற்று. மேலே பார்த்தால் எல்லாம் சரியாக இருந்தது. குழிக்குத் தெரிந்தது. அது மரத்தின் வேரை இறுகப் பற்றி உலுக்கியது. மேலே இரண்டு இலைகள் உதிர்ந்தன. இலை உதிர்வதை யார் பார்க்கிறார்கள்?

மழை விட்ட ஒரு காலையில் லாரி வந்து நின்றது. சம்பூர்ணம் இடுப்பில் ஒரு குடமும் கையில் ஒரு குடமுமாகத் திரும்பி நடந்தார். சுவரை ஒட்டிக் கால் வைத்தார். ரோடு அப்பளம் போல உடைந்தது.

குழி அந்தக் காலை உணர்ந்தது. கிளையை நட்ட அன்று தன் விளிம்பில் ஊன்றியிருந்த அதே கால். பிறகு அந்தச் சத்தம்.

இந்த முறை குழி விளக்குக் கம்பத்திடம் எதுவும் சொல்லவில்லை. கம்பமும் கேட்கவில்லை.

லாரிக்காரரும் இன்னும் இருவரும் சேர்ந்து சம்பூர்ணத்தைத் தூக்கி ஆட்டோவில் உட்கார வைத்தார்கள். வலியில் அவர் முகம் வெளுத்திருந்தது. "செவுருக்கு வெளியதான வெச்சேன்," என்று திரும்பத் திரும்பச் சொன்னார். "வெளியதான வெச்சேன் டைலரே."

ஆட்டோ போயிற்று. கவிழ்ந்த குடத்தின் தண்ணீர் புதுக் குழிக்குள் வடிந்துகொண்டிருந்தது.

ஜெயசீலன் மூடியிலிருந்து எழுந்தார். புதுக் குழியைப் பார்த்தார். தெருவின் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். அடுத்த வண்டி எப்போது வேண்டுமானாலும் வரலாம். முருங்கையிடம் போய், எட்டின கிளை ஒன்றைப் பிடித்து ஒடித்தார். அதைக் கொண்டுவந்து புதுக் குழியின் சேற்றில் ஆழமாகச் செருகினார். தைத்துக்கொண்டிருந்த ரவிக்கையில் மிஞ்சிய சிவப்புத் துணியைக் கிழித்து அதன் நுனியில் கட்டினார்.

இளங்கிளை நடுங்கிக்கொண்டிருந்தது. "நான் எவ்வளவு நாள் நிற்க வேண்டும்?" என்று கேட்டது.

குழி வாய் திறப்பதற்குள் மேலிருந்து மரம் சொன்னது: "பயப்படாதே. மூடி வரும்வரைக்கும்தான்."

ஜெயசீலன் திரும்பி வந்து, மூடியின்மேல் உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து தைக்க ஆரம்பித்தார்.